மாடிப்படிக்குக் கீழே ஓர் ஆள்

மின்விசிறி இருக்கும் பக்கமாக நாற்காலியை நகர்த்தி நகர்த்தி உட்கார்ந்திருக்கும் பெற்றோர்களே, காலை ஒன்பது மணியிலிருந்து கறுப்பு அங்கிக்குள் வெந்துகொண்டிருக்கும் பட்டதாரிகளே!

உங்கள் கல்லூரி முதல்வர் என்னை அழைக்க வந்தபோது ஒரு சின்ன வேண்டுகோள் வைத்தார். "சார், கனவு காணுங்கள்னு மட்டும் முடிச்சிடாதீங்க. மூணு வருஷமா எல்லாரும் அப்படித்தான் முடிக்கிறாங்க." நல்ல மனிதர். நான் முப்பத்தொரு வருடம் வங்கியில் கவுண்ட்டரிலும் லெட்ஜரிலும் காலம் தள்ளியவன். ராத்திரியில் கதையும் கட்டுரையும் எழுதினேன். கனவைப் பற்றி எனக்கு அவ்வளவாகத் தெரியாது. ஆபீஸ் விட்டு வீட்டுக்கு வந்து, கை கால் கழுவி, இன்னொரு வேலையைப் புதிதாகத் தொடங்குவது எப்படி இருக்கும் என்று மட்டும் கொஞ்சம் தெரியும். அதைப் பற்றிப் பேசினால் சொல்லவேண்டிய ஆள் ஒருவர் உங்கள் மாவட்டத்திலேயே பிறந்திருக்கிறார்.

நன்னிலத்துக்குப் பக்கத்தில் நல்லமாங்குடி. உங்களில் சிலர் தினமும் அந்தப் பக்கத்து பஸ்ஸில்தான் வந்து போயிருப்பீர்கள். அப்போது அது தஞ்சாவூர் ஜில்லா. 1930 ஜூலை 9-ஆம் தேதி அங்கே ஒரு பையன் பிறந்தான். அப்பா கைலாசம், கிராம அதிகாரி. பையனுக்கு எட்டு வயதிலேயே தியாகராஜ பாகவதர் பைத்தியம் பிடித்துவிட்டது. அந்தக் காலத்தில் பாதி தஞ்சாவூருக்கு அந்தப் பைத்தியம் இருந்ததால் வீட்டில் யாரும் கவலைப்படவில்லை. பையன் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் விலங்கியல் படித்து 1949-ல் முடித்தான். இதோ இருக்கும் முத்துப்பேட்டையில் ஒரு வருடம் வாத்தியார் வேலை. 1950-ல் சென்னைக்குப் போய் அக்கவுண்டன்ட் ஜெனரல் அலுவலகத்தில் குமாஸ்தாவாகச் சேர்ந்தான்.

இதோடு நிறுத்திவிட்டால் இது உங்கள் பெரியப்பா யாருடைய கதையாகவும் இருக்கலாம். படிப்புக்கும் வேலைக்கும் சம்பந்தம் இல்லை. ஊருக்கும் வேலைக்கும் சம்பந்தம் இல்லை. மாதச் சம்பளம், மெஸ் சாப்பாடு. அந்தக் குமாஸ்தாவின் பெயர் பாலசந்தர்.

கே.பி. என்று நாங்கள் சொல்லுவோம். ரஜினிகாந்தை அறிமுகம் செய்தவர் என்று உங்களுக்குச் சொல்லிக்கொடுத்திருப்பார்கள். அது சரிதான். ஆனால் அதற்கு முன்னால் பதினான்கு வருடம் அவர் ஒரு நாற்காலியில் உட்கார்ந்து கணக்குப் பார்த்திருக்கிறார். எனக்கு அந்தப் பதினான்கு வருடம்தான் முக்கியமாகப் படுகிறது. வங்கிக்காரன் புத்தி என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஏ.ஜி. ஆபீஸ் என்பது அரசாங்கத்தின் செலவுக் கணக்கைப் பார்க்கும் இடம். எங்கேயோ ஒரு தாலுகா ஆபீஸில் நாலு நாற்காலி வாங்கியிருப்பார்கள். அந்த பில் இங்கே வந்து சேரும். பில் இருக்கிறதா, வவுச்சர் இருக்கிறதா, கையெழுத்து இருக்கிறதா, கையெழுத்துப் போட்டவருக்கு அந்த அதிகாரம் இருக்கிறதா என்று பார்க்கவேண்டும். ஒன்று இல்லாவிட்டாலும் ஆட்சேபணை எழுதித் திருப்பி அனுப்பவேண்டும். பகல் முழுவதும் இந்த வேலை. சாயங்காலம் நாடக ஒத்திகை. முதலில் பிறர் நடத்திய அமெச்சூர் குழுவில் இருந்தார். பிறகு ராகினி ரிக்ரியேஷன்ஸ் என்று சொந்தக் குழு தொடங்கினார். 'மேஜர் சந்திரகாந்த்' நாடகத்தை முதலில் ஆங்கிலத்தில்தான் எழுதினார், ஏ.ஜி. ஆபீஸ்காரர்களுக்காக. பிற்பாடு தமிழில் போட்டபோதுதான் ஊர் திரும்பிப் பார்த்தது. கண் தெரியாத ஓய்வுபெற்ற மேஜர். தப்பு செய்தவன் யார் என்று அவர் கண்டுபிடிக்கும் முன்பே நமக்குத் தெரிந்துவிடும். மிச்ச நேரம் முழுக்க அவருக்கு எப்போது தெரியப்போகிறது என்று நாம் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருப்போம். அந்த நாடகத்தில் வரும் ஒரு பாத்திரத்தின் பெயர் ரஜினிகாந்த். பத்துப் பதினைந்து வருடம் கழித்து, பெங்களூரிலிருந்து வந்த சிவாஜி ராவ் என்ற இளைஞருக்குப் பெயர் வைக்கவேண்டியிருந்தபோது, கே.பி. தன் பழைய நாடகத்திலிருந்து அதை எடுத்துக் கொடுத்தார். ஆபீஸில் வீணாக எதையும் எறியாத பழக்கம்.

எம்.ஜி.ஆர். நடித்த 'தெய்வத்தாய்' படத்துக்கு வசனம் எழுதக் கூப்பிட்டபோதும் அவர் அந்த ஆபீஸில்தான் இருந்தார். தயங்கினார். யாருக்குத்தான் தயக்கம் வராது? அரசாங்க வேலை, பென்ஷன் உண்டு. சினிமாவில் நாளைக்கு என்ன என்று யாருக்குத் தெரியும்? நீங்கள் பேட்டிகளில் படிப்பீர்கள், வேலையைத் தூக்கி எறிந்துவிட்டு வந்தேன் என்பார்கள். எறிந்தவர்களில் வென்றவர் மட்டும்தான் பேட்டி கொடுக்கிறார். கே.பி. எறியவில்லை. 1964-ல் 'தெய்வத்தாய்', அதே வருடம் கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில் இவருடைய கதையான 'சர்வர் சுந்தரம்', அடுத்த வருடம் இவரே இயக்கிய 'நீர்க்குமிழி' என்று ஒவ்வொரு படியாகக் காலை ஊன்றிப் பார்த்துவிட்டுத்தான் அடுத்த காலை எடுத்தார். 'நீர்க்குமிழி' வந்தபோது வயது 35. உங்களில் மூத்தவருக்கு இப்போது 22 இருக்குமா?

ஏ.ஜி. ஆபீஸ் அவரை விட்டுப் போகவே இல்லை என்பது என் அபிப்பிராயம். 'இரு கோடுகள்' பாருங்கள், 1969. கலெக்டர் ஆபீஸில் ஒரு குமாஸ்தா. புதிதாக வரும் கலெக்டர் அவன் என்றோ பிரிந்த முதல் மனைவி. வீட்டில் இரண்டாவது மனைவி. அதிகாரியை எழுந்து நின்று வணங்கவேண்டிய இடத்தில் பழைய கணவன் நிற்கிறான். இந்தச் சூழ்நிலையை ஒரு கவிஞர் கற்பனை செய்துவிடலாம். ஆனால் மேலதிகாரி அறைக்குள் ஃபைலோடு போகும்போது குமாஸ்தாவின் முதுகு எவ்வளவு வளையும் என்பது ஃபைல் சுமந்தவனுக்குத்தான் தெரியும். அந்தப் படத்துக்குச் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது கிடைத்தது. ஜெமினி கணேசன் கலெக்டர் அறைக்குள் நுழையும் ஒவ்வொரு முறையும், எங்கள் கிளைக்கு ஆடிட் வந்த நாட்களில் என் கால் எப்படித் தரையைத் தேடியது என்று எனக்கு ஞாபகம் வரும்.

இப்போது நான் சொல்லவந்த ஆளுக்கு வருகிறேன். மாடிப்படிக்குக் கீழே ஓர் ஆள்.

கும்பகோணத்தில் நாங்கள் ஒண்டுக்குடித்தனம். ஒரு வாசல், ஏழு குடும்பம், ஒரு கிணறு, ஒரு கழிப்பறை. உங்களுக்கு இந்தச் சொல்லே தெரியாமல் இருக்கலாம். அட்டாச்டு பாத்ரூம் தலைமுறை. கடைசிக் கட்டில் ஒரு தாத்தா இருந்தார். நான் அவரைப் பார்த்தது மொத்தம் நாலைந்து தடவை இருக்கும். ஆனால் அவர் இருமல் எனக்கு மனப்பாடம். விடியற்காலை இருமல் ஒன்று, மருமகள் காபி கொண்டுவர நேரமானால் இருமல் ஒன்று, யாராவது சத்தம் போட்டுச் சண்டை பிடித்தால் அதை நிறுத்த ஒன்று. 1968-ல் கே.பி.யின் 'எதிர்நீச்சல்' வந்தது. எனக்குப் பத்து வயது. மாடிப்படிக்குக் கீழே படுத்துக்கொண்டு, குடித்தனக்காரர்களுக்கு எடுபிடி வேலை செய்து, அவர்கள் போடும் மிச்சத்தைச் சாப்பிட்டுப் படிக்கும் அநாதைப் பையன் மாது. நாகேஷ். அந்த வீட்டில் நாயர் உண்டு, பட்டு மாமி உண்டு, கிட்டு மாமா உண்டு. அப்புறம் 'இருமல் தாத்தா' என்று ஒருவர் உண்டு. அவரைத் திரையில் காட்டவே மாட்டார்கள். இருமல் மட்டும் கேட்கும்.

நான் தியேட்டரில் அம்மாவைப் பார்த்தேன். அம்மா என்னைப் பார்த்தாள். இரண்டு பேரும் சிரித்த சிரிப்பில் முன்வரிசைக்காரர் திரும்பிப் பார்த்தார். எங்கள் வீட்டை இவர் எப்போது வந்து பார்த்தார்?

பிற்பாடு புரிந்தது. அது மேடைக்காரனின் வித்தை. நாடக மேடை மொத்தம் ஒரு கல்யாண மண்டப மேடை அளவு. எல்லோரையும் ஏற்ற முடியாது. காட்ட முடியாததைச் சத்தத்தால் கொண்டுவரவேண்டும். பணம் இல்லாதவன் கண்டுபிடித்த வழி, பணம் வந்த பிறகும் அவரிடம் தங்கிவிட்டது. அவர் காலத்து மற்றவர்கள் அரண்மனை செட் போட்டார்கள், மலை உச்சிக்குப் போனார்கள். அவர் ஒரு கூடத்தையும் ஓர் அடுப்படியையும் ஒரு மாடிப்படியையும் வைத்துக்கொண்டு அதற்குள் ஆட்களைப் போட்டு நெருக்கினார். சின்ன இடத்தில் நாலு பேரை நிற்கவைத்தால் யார் யாருக்கு வழிவிடுகிறார்கள் என்பதே கதையாகிவிடும்.

1980-க்கு வருகிறேன். நான் விலங்கியல் பட்டம் வாங்கி இரண்டு வருடம். தவளையின் நரம்பு மண்டலத்தைப் படம் போடச் சொன்னால் கண்ணை மூடிக்கொண்டு போடுவேன். அதற்கு யாரும் சம்பளம் தரவில்லை. ஒரு கம்பெனியில் நேர்முகத் தேர்வுக்குப் போனேன். பெயரைச் சொல்ல மாட்டேன். காலையிலிருந்து மூன்று மணி வரை உட்காரவைத்துவிட்டு, ஆள் ஏற்கெனவே போட்டாயிற்று என்றார்கள். அந்த வாரம்தான் நானும் இரண்டு நண்பர்களும் ஒருவனுடைய அக்காவிடம் கைமாற்று வாங்கி 'வறுமையின் நிறம் சிவப்பு' போனோம். டில்லியில் வேலை இல்லாத பட்டதாரிகள். பசி. ஒரு பெண் வருகிறாள். தாங்கள் பட்டினி என்று அவளுக்குத் தெரியக் கூடாது. உடனே காலித் தட்டுகளை வைத்துக்கொண்டு விருந்து சாப்பிடுவதுபோல் சத்தம் கொடுக்கிறார்கள். உறிஞ்சுகிறார்கள், சப்புக்கொட்டுகிறார்கள், இன்னும் கொஞ்சம் போடு என்கிறார்கள். மறுபடி அதே மேடை வித்தை. சோறு இல்லை, சத்தம் மட்டும். தியேட்டரில் பாதிப் பேர் சிரித்தார்கள். நாங்கள் மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. படம் விட்டு வந்து டீ குடித்தோம். டீக்குக் காசு கொடுத்தது யார் என்பதில் எங்களுக்குள் இன்றுவரை தகராறு.

அந்தப் படத்தின் நாயகன் கடைசியில் முடிதிருத்தும் வேலைக்குப் போகிறான். அப்பா வந்து பார்க்கும் இடம் ஒன்று உண்டு. இன்றைக்கு வீட்டுக்குப் போய் அப்பாவோடு சேர்ந்து பாருங்கள். யார் முதலில் எழுந்து தண்ணீர் குடிக்கப் போகிறார் என்று கவனியுங்கள்.

அவரிடம் குறையே இல்லை என்று நான் சொல்லவரவில்லை. கணக்கு ஆபீஸ் பழக்கத்தில் ஒரு வினை இருந்தது. எதற்கும் வவுச்சர் வைப்பார். அது நல்லது. சில நேரம் ஒரே வவுச்சரை மூன்று பிரதி வைப்பார். 'அபூர்வ ராகங்க'ளில் இரட்டைக் கதவைத் தள்ளிக்கொண்டு முதல்முறையாக ரஜினி வருகிறார். அந்தக் கதவும் அந்தக் கந்தல் கோட்டும் போதும். ஆனாலும் 'சுருதி பேதம்' என்று எழுத்துப் போட்டுக் காட்டுவார். 'அவர்கள்' படத்தில் கமல் கையில் பேசும் பொம்மை. மனதில் இருப்பதைச் சொல்ல முடியாதவன் பொம்மை மூலம் சொல்கிறான், அழகான யோசனை. கொஞ்ச நேரம் கழித்து பொம்மை கொஞ்சம் வாயை மூடினால் தேவலை என்று தோன்றும். பெண்களைக் கதையின் நடுவில் உட்காரவைத்தார். 'அரங்கேற்றம்', 'அவள் ஒரு தொடர்கதை', 'சிந்து பைரவி'. அந்த நாளில் அது பெரிய துணிச்சல். ஆனால் அந்தப் பெண்களில் பலர் கடைசி ரீலில் எதையாவது விட்டுக்கொடுத்துவிட்டுத்தான் போகிறார்கள். 'அவள் ஒரு தொடர்கதை' கவிதா தன் கல்யாணத்தை விட்டுவிட்டு மறுபடி அதே வேலைக்குத் திரும்புகிறாள். என் மகள் அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு, "இவளை ஏன்ப்பா யாரும் லீவு போட விடல?" என்றாள். என்னிடம் பதில் இல்லை. படத்துக்கும் அதற்குப் பதில் தெரியாது என்றுதான் நினைக்கிறேன். தெரியாததைத் தெரிந்ததுபோல் காட்டாதது அந்தப் படத்தின் நேர்மை.

நடுவில் நிறைய இருக்கிறது. கோமல் சுவாமிநாதனின் நாடகத்தை 'தண்ணீர் தண்ணீர்' ஆக்கியது, தெலுங்கில் எடுத்த 'மரோ சரித்ரா' சென்னையில் தெலுங்கிலேயே ஒரு வருடத்துக்கு மேல் ஓடியது, அதை இந்திக்குக் கொண்டுபோனது, 1987-ல் பத்மஸ்ரீ. இதையெல்லாம் கைப்பேசியில் தேடினால் வந்துவிடும். ஓடிவிடுகிறேன், பசி நேரம்.

அறுபது வயதுக்கு வருகிறேன்.

1990. என் வங்கியில் 60 வயது என்றால் மாலை, சால்வை, வெள்ளி விளக்கு, குரூப் போட்டோ. கே.பி.க்கு அப்போது சொந்தக் கம்பெனி, கவிதாலயா. 1992-ல் மட்டும் அந்தக் கம்பெனி 'அண்ணாமலை'யையும் 'ரோஜா'வையும் வெளியிட்டது. ஒன்றில் ரஜினி, மற்றொன்றில் ரஹ்மான் என்ற புதுப் பையனின் இசை. வீட்டில் உட்கார்ந்தாலே போதும். அந்த நேரத்தில்தான் அவர் தொலைக்காட்சிக்கு வந்தார். தூர்தர்ஷனில் 'ரயில் சிநேகம்'.

அது எப்படிப்பட்ட காரியம் என்று உங்களுக்குச் சொல்லவேண்டும். சினிமாக்காரர்களுக்கு அன்றைக்கு டிவி என்றால் எதிரி, இல்லாவிட்டால் இளக்காரம். வாய்ப்பு இல்லாதவர்கள் போகும் இடம் என்ற பேச்சு. தமிழில் பெரிய படங்கள் எடுத்த ஒருவர், வாரம் ஒருமுறை, அரை மணி நேரத்துக்குள், நடுவில் சோப்பு விளம்பரத்துக்கு இடம்விட்டுக் கதை சொல்லப் போனது அன்றைக்குச் சாதாரண சங்கதி இல்லை. எங்கள் தெருவில் கலர் டிவி இருந்தது ஒரு வீட்டில்தான். அந்த வீட்டு மாமி கூடத்தில் பாய் விரித்துவைப்பார். குழந்தைகள் தரையில், பெண்கள் பாயில், ஆண்கள் அக்கறையில்லாததுபோல் வாசற்படியில் நின்றபடி. எல்லா ஆண்களுக்கும் கதை தெரிந்திருக்கும்.

அந்தப் பெட்டி 20 அங்குலம். மலை உச்சியிலிருந்து பள்ளத்தாக்கைக் காட்டினால் பச்சையாக ஏதோ தெரியும், அவ்வளவுதான். முகம் மட்டும் தெரியும், குரல் நன்றாகக் கேட்கும். பெரிய திரைக்குப் பழகிய பலருக்கு அது கை கட்டிப் போட்ட மாதிரி. கே.பி.க்கு அது பழைய நாடக மேடை. அதே கூடம், அதே அடுப்படி. மாடிப்படிக்குக் கீழே இருந்தவனுக்கு 20 அங்குலம் தாராளம்.

'கையளவு மனசு' என்று ஒரு தொடர். கீதா நடித்தது. தான் அதிக நாள் இருக்கப்போவதில்லை என்று தெரிந்த தாய், தன் பிள்ளைகளை ஒவ்வொரு வீட்டில் ஒப்படைக்கிறாள். ஒரு பெண் வாசல் வாசலாகப் போய் நிற்பதுதான் கதை. அடுத்தடுத்து 'காதல் பகடை', 'பிரேமி', 'அண்ணி'. 'சிந்து பைரவி' பாத்திரங்கள் பிற்பாடு என்ன ஆனார்கள் என்று 'சஹானா'வில் தொடர்ந்து சொன்னார். இரண்டரை மணி நேரத்தில் சொல்லி முடித்ததாக நாம் நினைத்த கதையில் மிச்சம் இருக்கிறது என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. அவர் மகன் கைலாசத்தின் மின்பிம்பங்கள் நிறுவனம் 'மர்மதேசம்' எடுத்தது. அதை இயக்கியவர் நாகா. உங்கள் அம்மாக்களைக் கேளுங்கள், அந்த டைட்டில் இசை வந்தால் பாத்ரூம் போக யார் துணைக்கு வந்தார்கள் என்று.

பின்னால் வந்த அழுகைத் தொடர்களுக்கு வழி திறந்தவரும் அவர்தானே என்று ஒரு நண்பர் என்னிடம் சண்டைக்கு வருவார். கதவைத் திறந்தவன் உள்ளே வருபவர்களுக்கெல்லாம் பொறுப்பாக முடியுமா? ஆனால் அந்த நண்பர் சொல்வதிலும் கொஞ்சம் இருக்கிறது. வாரத்துக்கு ஒன்று என்பது தினத்துக்கு ஒன்று ஆனபோது, ஒரு முகத்தை மூன்று தரம் திருப்பிக் காட்டும் வழக்கம் வந்தது. நாள் நகரவேண்டுமே. ஒரே வவுச்சருக்கு நூறு பிரதி.

கடைசி நாட்கள் சுலபமாக இல்லை. சினிமாவில் அவர் கடைசியாக இயக்கிய 'பொய்' 2006-ல் வந்து போனது, ஓடவில்லை. 2010-ஆம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருது கிடைத்தது. விருது வாங்கிய பிறகாவது உட்கார்ந்தாரா? 82 வயதில் 'அமுதா ஒரு ஆச்சரியக்குறி' என்று மறுபடி ஒரு டிவி தொடர். 2014 ஆகஸ்டில் மகன் கைலாசம் இறந்தார். அதே வருடம் டிசம்பர் 23-ஆம் தேதி அவரும் போனார். 'உத்தம வில்லன்' மறு வருடம் வெளிவந்தது. அதில் ஒரு நடிகனின் குருவாக, பழைய இயக்குநராக அவரே நடித்திருக்கிறார். தியேட்டரில் அவர் முகம் வந்ததும் எனக்குப் பின்னால் யாரோ இருமினார்கள். நிஜமாகத்தான் சொல்கிறேன். திரும்பிப் பார்க்கவேண்டும் என்று தோன்றியது, பார்க்கவில்லை.

முதல்வர் கைக்கடிகாரத்தைப் பார்க்கிறார். மேடைக்கு வரும்போது ஆபீஸ் உதவியாளர் என்னிடம் ஒரு செய்தி சொல்லியனுப்பினார், அதைச் சொல்லாமல் இறங்கினால் என்னை விடமாட்டார். நீங்கள் போட்டிருக்கும் அங்கி வாடகை அங்கி. மூன்று மணிக்குள் பின்கட்டு அறையில் மடித்துக் கொடுத்து, ரசீதைக் காட்டி, கட்டிய முன்பணத்தைத் திரும்ப வாங்கிக்கொள்ளவேண்டும். ரசீது இல்லாதவர்களுக்குப் பணம் கிடையாது. போட்டோ எடுப்பவர்கள் அதற்குள் எடுத்துக்கொள்ளுங்கள்.